எலும்பு முறிவு: செட்டிநாட்டு வீடுகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர், கானாடுகாத்தான் பக்கம் ஒருவருக்கு எலும்பு முறிந்துவிட்டால், மருத்துவர் வாயைத் திறப்பதற்கு முன்பே பத்துப் பேர் பத்து யோசனை சொல்லிவிடுவார்கள். கட்டுப் போடு, சூப் குடி, எண்ணெய் தேய், ஆபரேஷன் மட்டும் வேண்டாம். அந்தப் பேச்சில் திரும்பத் திரும்ப வரும் கேள்விகளைத்தான் இங்கே எடுத்துக்கொண்டிருக்கிறோம். இதைப் படிப்பதால் எக்ஸ்ரே எடுக்கும் வேலை மிச்சமாகாது. மருத்துவமனையில் என்ன கேட்க வேண்டும் என்பது தெரிந்திருக்கும், அவ்வளவுதான்.

விழுந்ததும் எலும்பு உடைந்திருக்கிறதா, வெறும் சுளுக்கா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

கையோ காலோ கோணலாகத் திரும்பியிருந்தால் சந்தேகமே வேண்டாம். மற்றபடி வெளியிலிருந்து பார்த்து உறுதியாகச் சொல்ல முடியாது. எலும்பின் மேல் ஒரே இடத்தில் விரல் வைத்தால் உயிர் போகிற வலி, கொஞ்ச நேரத்தில் வீக்கம், மறுநாள் கருநீலமாகக் கன்றிப்போவது, அசைத்தால் நறநறவென்ற உணர்வு, இவை இருந்தால் முறிவு என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

"விரலை ஆட்ட முடிகிறதே, அப்புறம் எப்படி உடைந்திருக்கும்?" என்பது நம் ஊரில் எல்லோரும் நம்புகிற தவறு. விரலை இழுப்பது தசையும் தசைநாணும். மணிக்கட்டு எலும்பு இரண்டாக இருந்தாலும் விரல் ஆடும். கணுக்கால் பிசகியதாகத் தோன்றினால், காலை ஊன்றி நாலு எட்டு வைக்க முடிகிறதா என்று பாருங்கள். முடியவில்லை என்றாலோ, கணுக்காலின் இரண்டு பக்கமும் துருத்திக்கொண்டிருக்கும் எலும்பின் பின் விளிம்பை அமுக்கினால் வலித்தாலோ எக்ஸ்ரே எடுத்தே ஆக வேண்டும். அதற்கு முன்னால் சுளுக்கு வழிப்பவரிடம் காலைக் கொடுக்காதீர்கள். நகராமல் ஒட்டி நிற்கும் முறிவை உருவி உருவியே நகர்த்திவிட முடியும்.

மருத்துவமனைக்குக் கிளம்பும் முன் வீட்டில் என்ன செய்யலாம்?

அடிபட்ட இடத்தை இருக்கிற நிலையிலேயே அசையாமல் கட்டுங்கள். கெட்டி அட்டை, மடித்த செய்தித்தாள், மரச் சட்டம், எது கையில் கிடைத்தாலும் சரி. முறிந்த இடத்துக்கு மேலே உள்ள மூட்டும் கீழே உள்ள மூட்டும் அசையாதபடி இருந்தால்தான் அந்தக் கட்டுக்குப் பலன். கை என்றால் ஒரு துண்டால் கழுத்தில் தூளி மாதிரி போடலாம். மோதிரம், வளையல், மெட்டி, கொலுசு எல்லாவற்றையும் வீக்கம் ஏறுவதற்கு முன்பே கழற்றிவிடுங்கள். பிறகு வெட்டித்தான் எடுக்க வேண்டிவரும், அது தங்கமாக இருந்தாலும்.

ரத்தம் வந்தால் சுத்தமான துணியை வைத்து அழுத்துங்கள். வெளியே தெரியும் எலும்பை உள்ளே தள்ளக் கூடாது. காப்பித்தூள், மஞ்சள் எதையும் புண்ணில் அப்பக் கூடாது. கழுத்திலோ முதுகிலோ அடி என்றால் எழுப்பி உட்கார வைத்துத் தண்ணீர் கொடுப்பதுதான் நாம் முதலில் செய்வது, செய்யவே கூடாததும் அதுதான். படுத்த நிலையிலேயே விட்டுவிட்டு 108-ஐக் கூப்பிடுங்கள்.

ஆபரேஷன் தேவைப்படலாம் என்று தோன்றினால் சாப்பிட எதுவும் கொடுக்காமல் கூட்டிப்போங்கள். வயிறு நிறைந்திருந்தால் மயக்க மருந்து கொடுப்பதைத் தள்ளிவைக்க வேண்டியிருக்கும்.

எலும்பு முறிவில் எத்தனை வகை இருக்கிறது?

மருத்துவர் முதலில் பார்ப்பது எலும்பை இல்லை, தோலை. தோல் கிழியாமல் உள்ளே மட்டும் உடைந்திருந்தால் மூடிய முறிவு. எலும்பு இருக்கும் இடத்துக்கு வெளிக்காற்றோ மண்ணோ போகிற அளவுக்குப் புண் இருந்தால் திறந்த முறிவு. புண் ஒரு பட்டாணி அளவே இருந்தாலும் அது திறந்த முறிவுதான், அவசரமும்தான்.

அடுத்தது கோடு எப்படிப் போகிறது என்பது. எலும்பு நேர் குறுக்காக உடையலாம், சாய்வாக உடையலாம். கால் ஓரிடத்தில் சிக்கிக்கொண்டு உடம்பு மட்டும் திரும்பினால் முறுக்கு முறிவாகச் சுற்றிக்கொண்டு போகும். வேகமாக வந்த வண்டி மோதினால் மூன்று நாலு துண்டாகச் சிதறிவிடும். சிதறிய முறிவு கூடுவதற்கு நாள் பிடிக்கும், பெரும்பாலும் கம்பியோ பிளேட்டோ வேண்டியிருக்கும். எலும்பு விரிசல் மட்டும் விட்டு இடம் மாறாமல் நின்றால் அதைத்தான் ஹேர்லைன் கிராக் என்கிறார்கள். பேர் லேசாக இருக்கிறதே என்று நினைத்து நடமாடினால் அதுவும் விலகிவிடும்.

சிறு பிள்ளைகளின் எலும்பு வேறு ரகம். பச்சை வேப்பங்கொம்பை வளைத்தால் ஒரு பக்கம் கீறி, மறுபக்கம் மடங்கி நிற்குமே, அப்படி முழுசாக உடையாமல் வளைந்து நிற்கும். வயதானவர்களுக்கு முதுகெலும்பு நசுங்குவதும் முறிவுதான். தண்ணீர்க் குடத்தையோ பித்தளைப் பானையையோ குனிந்து தூக்கும்போது முதுகில் சுளீரென்று வலிக்கும். வாயுப்பிடிப்பு என்று தைலம் தேய்த்துக்கொண்டே இருப்பார்கள். வருடத்துக்கு வருடம் ஆள் குட்டையாகிக் கூன் விழுவதற்குப் பல வீடுகளில் இதுதான் காரணம்.

புற்றுநோய், எலும்பு மெலிவு போன்றவற்றால் ஏற்கெனவே பலவீனமான எலும்பு, தும்மினால்கூட முறியலாம். பெரிய அடி எதுவும் இல்லாமல் முறிந்தது என்றால் ஏன் முறிந்தது என்று கண்டுபிடிப்பதும் வைத்தியத்தில் பாதி.

எக்ஸ்ரேயில் ஒன்றுமில்லை என்றார்கள். ஆனால் வலி போகவில்லையே?

எக்ஸ்ரே முதல் நாளில் சில முறிவுகளைக் காட்டாது. கையை ஊன்றி விழுந்த பிறகு, கட்டைவிரலை விறைத்து நீட்டினால் அதன் அடியில் குழி விழும் இடத்தில் வலித்தால், அங்கே உள்ள சின்னப் படகு எலும்பு உடைந்திருக்கலாம். பத்து, பதினாலு நாள் கழித்து எடுக்கும் எக்ஸ்ரேயில்தான் கோடு தெரியும். அதுவரை கட்டுப் போட்டு வைப்பது வழக்கம். அந்த எலும்புக்கு ரத்த ஓட்டம் குறைவு, கவனிக்காமல் விட்டால் ஒரு பகுதி செத்தே போகும்.

தை மாதம் குன்றக்குடியிலிருந்து பழநிக்குப் பாதயாத்திரை போய்வந்தவர்களுக்கு இன்னொரு வகை வரும். எங்கும் விழுந்திருக்க மாட்டார்கள். வருடம் முழுக்கக் கடையில் உட்கார்ந்திருந்த கால், திடீரென்று நாள் கணக்கில் நடந்ததால் பாதத்தின் நீள எலும்பில் நுண்ணிய விரிசல் விடும். மேல்பாதத்தில் ஒரு புள்ளியில் வலி, நடந்தால் கூடும், உட்கார்ந்தால் குறையும். இதுவும் இரண்டு மூன்று வாரம் கழித்தே எக்ஸ்ரேயில் தெரியும், சந்தேகம் இருந்தால் எம்.ஆர்.ஐ. முன்னதாகவே காட்டிவிடும். வைத்தியம் ஆறிலிருந்து எட்டு வாரம் ஓய்வு. அடுத்த வருடம் போக நினைப்பவர்கள் கார்த்திகையிலேயே நடந்து பழக ஆரம்பிக்கலாம்.

நாட்டு வைத்தியர் கட்டு போதாதா? எங்கள் ஐயாவுக்கு அதில்தானே சரியானது?

சரியாகியிருக்கும். இடம் மாறாத முறிவு, அசையாமல் வைத்திருந்தால் பெரும்பாலும் தானாகவே கூடும். மூங்கில் பட்டை வைத்துக் கட்டினாலும் மாவுக்கட்டு போட்டாலும் எலும்பைக் கூட்டுவது உடம்புதான். நாம் வெளியிலிருந்து செய்வது அசையாமல் பிடித்துக்கொள்வது மட்டும். மாவுக்கட்டும் ஒன்றும் நேற்று வந்ததில்லை, 1850-களில் மத்தெய்சன் என்ற டச்சு ராணுவ மருத்துவர் பரப்பிய முறை.

அப்படியானால் சிக்கல் எங்கே? படம் எடுக்காமல் கட்டுவதில் ஒரு சிக்கல். மூட்டுக்குள் போகும் முறிவும், விலகி நிற்கும் முறிவும் கட்டு எவ்வளவு நேர்த்தியாக இருந்தாலும் கோணலாகத்தான் சேரும். இன்னொரு சிக்கல் இறுக்கம். அடிபட்ட முதல் இரண்டு மூன்று நாள் வீக்கம் ஏறும். ஏறும் வீக்கத்துக்கு இடம் கொடுக்காமல் சுற்றிலும் இறுக்கிக் கட்டினால் உள்ளே அழுத்தம் கூடித் தசைக்கு ரத்தம் போகாது. சில மணி நேரத்தில் தசை சாக ஆரம்பித்துவிடும். முழங்கையில் அடிபட்ட பிள்ளைகளுக்கு இப்படி ஆனால் விரல்கள் மடங்கி, கை வாழ்நாள் முழுக்கக் கோழிக்கால் போல நின்றுவிடும். இறுகிய கட்டால் இது வருகிறது என்று ஜெர்மானிய மருத்துவர் வோல்க்மன் 1881-லேயே எழுதிவைத்தார். மாவுக்கட்டிலும் இது நடக்கும். அதனால்தான் மருத்துவமனையில் முதல் சில நாள் முழு வட்டமாகப் போடாமல் பாதிக் கட்டாகப் போட்டு, வீக்கம் வற்றியபின் முழுக்கட்டு போடுகிறார்கள்.

எனவே பரம்பரையாகக் கட்டுகிறவர் மேல் எவ்வளவு நம்பிக்கை இருந்தாலும், முதலில் எக்ஸ்ரே, எலும்பு மருத்துவர் ஒருவரின் பார்வை. புண் இருந்தால், மூட்டுக்குப் பக்கத்தில் என்றால், பிள்ளைகளின் முழங்கை என்றால், தொடை எலும்பு என்றால் அந்தப் பக்கமே போக வேண்டாம்.

கட்டுப் போட்ட பிறகு எதைப் பார்த்துப் பயப்பட வேண்டும்?

வலி குறையாமல் ஏறிக்கொண்டே போவது. மாத்திரை போட்டும் அடங்காத வலி, விரலை இன்னொருவர் லேசாக நீட்டிவிட்டாலே துடிக்கும் வலி, விரல்கள் மரத்துப்போவது, நீலம் பாய்வது, சில்லிடுவது, இவற்றில் எது இருந்தாலும் விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். நடு ராத்திரியானாலும் போய்க் கட்டைப் பிரிக்கச் சொல்லுங்கள்.

மற்றவை சின்ன விஷயங்கள். கை, கால் நெஞ்சு மட்டத்துக்கு மேலே உயர்ந்து இருக்கட்டும், வீக்கம் வடியும். மாவுக்கட்டு தொட்டால் கெட்டியாகத் தெரிந்தாலும் முழுக்கக் காய இரண்டு நாள் ஆகும், அதுவரை அதன் மேல் பாரம் கூடாது. நனைக்கக் கூடாது. உள்ளே அரிக்கிறது என்று ஊசி, சீப்புக் காம்பு விட்டுச் சொறிந்து புண்ணாக்கிக்கொள்கிறவர்கள் நிறைய.

எப்போது கட்டு போதும், எப்போது ஆபரேஷன்?

எலும்பு நேராக இருக்கிறது, அல்லது இழுத்து நேராக்கினால் அப்படியே நிற்கிறது என்றால் கட்டு போதும். தோள்பட்டைக் காறை எலும்பு பெரும்பாலும் தூளியிலேயே கூடிவிடும். கையை ஊன்றி விழுந்து மணிக்கட்டு முள்கரண்டி மாதிரி வளைந்த முறிவு, 1814-ல் அயர்லாந்து மருத்துவர் கோலிஸ் விவரித்தது. ஐம்பது வயதைத் தாண்டிய பெண்களுக்கு இன்றும் இது அதிகம் வருகிறது. இதிலும் பலருக்கு மரக்க வைத்து இழுத்துக் கட்டுவதே போதும்.

மூட்டுப் பரப்பில் படி விழுந்தாற்போல் உடைந்தால், இழுத்து வைத்தாலும் நழுவினால், பெரியவர்களின் தொடை எலும்பு உடைந்தால், ரத்தக்குழாய் அடிபட்டிருந்தால் ஆபரேஷன். நீள எலும்பின் உள்ளே செலுத்துவது கம்பி, மேலே பதித்து ஸ்க்ரூ போடுவது பிளேட். சின்ன எலும்புகளுக்கு மெல்லிய ஊசிக்கம்பி. புண் மோசமாக இருந்தால் வெளியில் சட்டம் மாட்டி, உள்ளே பின்களைச் செலுத்தி நிறுத்துவார்கள். ஆபரேஷனின் பெரிய லாபம், மூட்டைச் சீக்கிரம் அசைக்க முடிவது. பெரிய நஷ்டம், கிருமி புகும் வாய்ப்பு. "எனக்குக் கட்டிலேயே ஆகாதா, ஆபரேஷன் செய்தால் என்ன கூடுதலாகக் கிடைக்கும்?" என்று நேராகவே கேளுங்கள். கேட்டால் மருத்துவர் கோபித்துக்கொள்வார் என்று நினைக்க வேண்டாம்.

அப்பத்தாவுக்கு 82 வயது. வளவில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்துவிட்டது. இந்த வயதில் ஆபரேஷன் தாங்குமா?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் படியுங்கள்.

நாம் இடுப்பு என்று சொல்வது உண்மையில் தொடை எலும்பின் மேல்முனை. விழுந்தவர் எழுந்திருக்க முடியாமல், ஒரு கால் குட்டையாகி, பாதம் வெளிப்பக்கம் சாய்ந்து கிடந்தால் அநேகமாக அதுதான். பந்துக்கும் தண்டுக்கும் நடுவில் உள்ள கழுத்தில் முறிந்து விலகினால், பந்துக்குப் போகும் ரத்தம் அறுந்துவிடும். அதைக் கூட்ட முயல்வதைவிடப் பந்தை எடுத்துவிட்டுச் செயற்கைப் பந்து வைப்பதே வயதானவர்களுக்கு நல்லது. கழுத்துக்குக் கீழே முறிந்தால் ரத்த ஓட்டம் நன்றாக இருக்கும், எலும்பு கூடும், ஆனால் கோணலாகக் கூடும். அதனால் எலும்புக்குள்ளே கம்பியும் ஸ்க்ரூவும் போட்டு நிறுத்துவார்கள்.

"இந்த வயசில் எதுக்குக் கத்தி, மூணு மாசம் படுக்கையில் வைத்துப் பார்த்துக்கொள்வோம்" என்பது பாசத்தில் வரும் பேச்சு. அந்தப் படுக்கைதான் ஆளைக் கொல்கிறது. அசையாமல் கிடந்தால் நெஞ்சில் சளி கட்டிக் காய்ச்சல் வரும், முதுகில் படுக்கைப்புண் வரும், காலில் ரத்தம் உறைந்து நுரையீரலுக்குப் போய் அடைக்கும், சிறுநீரில் கிருமி சேரும். எல்லா வைத்தியமும் உள்ள நாடுகளிலேயே இடுப்பு முறிந்த முதியவர்களில் ஐந்தில் ஒருவராவது ஓராண்டுக்குள் இறந்துவிடுகிறார்கள். ஆபரேஷன் செய்வது பழையபடி ஓடியாட வைப்பதற்காக மட்டும் இல்லை. மறுநாளே உட்கார வைத்து, வாக்கரைப் பிடித்து நிற்க வைப்பதற்காக. பெரும்பாலும் முதுகில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரக்க வைத்தே செய்துவிடலாம். சர்க்கரை, ரத்த அழுத்தம், இதயக் கோளாறு இருப்பது ஆபரேஷனைத் தவிர்க்கக் காரணமாகாது. அவற்றைச் சீராக்கிவிட்டுச் செய்ய வேண்டும், அவ்வளவே. ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை சாப்பிடுகிறவர் என்றால் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

இரண்டு நாளுக்குள் முடிப்பது நல்லது. நம் பக்கம் தாமதம் எங்கே நடக்கிறது என்று எல்லோருக்கும் தெரியும். பெரிய வீட்டில் பெரியவர்கள் தனியே, பிள்ளைகள் சென்னையில், சிங்கப்பூரில், அமெரிக்காவில். "தம்பி வந்து பார்த்துட்டு முடிவு பண்ணட்டும்" என்று நாலு நாள் ஓடிவிடும். அப்பத்தாவுக்கு நினைவு தெளிவாக இருந்தால் சம்மதம் சொல்ல வேண்டியவர் அப்பத்தாதான். தம்பி போனில் மருத்துவரிடம் பேசட்டும், விமானம் ஏறி வந்து நடை பழக்கட்டும். அதற்குத்தான் ஆள் அதிகம் தேவைப்படும்.

ஆபரேஷன் முடிந்ததும் விஷயம் முடிந்துவிட்டதாக நினைத்துவிடுகிறோம். நின்ற உயரத்திலிருந்து விழுந்து இடுப்பு முறிந்தது என்றாலே எலும்பு மெலிவு என்று அர்த்தம். எலும்பின் அடர்த்தியை அளக்கும் டெக்ஸா ஸ்கேனில் வரும் எண் மைனஸ் 2.5 அல்லது அதற்கும் கீழே இருந்தால் அதை உறுதிப்படுத்தும். வாரம் ஒருமுறை மாத்திரையோ, வருடம் ஒருமுறை ஊசியோ இருக்கிறது. மாத்திரை என்றால் வெறும் வயிற்றில் வெறும் தண்ணீரோடு விழுங்கி, அரை மணி நேரம் படுக்காமல் இருக்க வேண்டும். இதைக் கேட்டு வாங்காவிட்டால் அடுத்த இடுப்பும் போகும்.

பிள்ளைகளுக்கு என்றால்?

சீக்கிரம் கூடும், கொஞ்சம் வளைவு இருந்தாலும் வளரும்போது நேராகிவிடும். பயப்பட வேண்டியவை இரண்டு. ஊஞ்சலிலிருந்தோ திண்ணையிலிருந்தோ விழுந்து முழங்கைக்கு மேலே முறிந்தால் ரத்தக்குழாய் நசுங்கலாம், அன்றைக்கே பார்க்க வேண்டும். எலும்பின் முனையில் உள்ள வளர்ச்சித் தட்டு அடிபட்டால் அந்தக் கை, கால் குட்டையாகவோ கோணலாகவோ வளரலாம். ஒரு வருடமாவது தொடர்ந்து காட்டிக்கொண்டிருக்க வேண்டும்.

மஞ்சுவிரட்டிலோ ரோட்டிலோ அடிபட்டு எலும்பு வெளியே தெரிந்தால்?

சிறாவயல் பொட்டலில் மாடு முட்டித் தூக்கிப்போட்டாலும், நெடுஞ்சாலையில் பைக் சரிந்தாலும் முழங்காலுக்குக் கீழே உள்ள எலும்பு முதலில் மாட்டும். அந்த எலும்பின் முன்பக்கம் தோலுக்கு அடியிலேயே இருப்பதால் சட்டென்று வெளியே வந்துவிடும். மருத்துவமனை சேர்ந்த உடனே ஆன்டிபயாடிக் ஊசியும் டி.டி. ஊசியும் போட வேண்டும், புண்ணைத் தியேட்டரில் வைத்து நன்றாகக் கழுவ வேண்டும். மாட்டுத் தொழுவ மண், சாணம் கலந்த பொட்டல் மண் என்று மருத்துவரிடம் சொல்லிவிடுங்கள், மருந்து அதற்கேற்ப மாறும். மேல் தையலைப் போட்டு அனுப்பிவிடுவது மட்டும் போதாது.

சாலை விபத்து என்றால் முதல் 48 மணி நேர சிகிச்சைக்குத் தமிழக அரசின் 'இன்னுயிர் காப்போம்' திட்டம் 2021 டிசம்பரிலிருந்து இருக்கிறது. சேர்ந்துள்ள தனியார் மருத்துவமனைகளிலும் செல்லும், வெளிமாநிலத்தவருக்கும் உண்டு. மற்ற ஆபரேஷன்களுக்கு முதல்வரின் காப்பீட்டு அட்டை கையில் இருக்கட்டும். காரைக்குடி அரசு மருத்துவமனை, அதைத் தாண்டினால் சிவகங்கை மருத்துவக் கல்லூரி மருத்துவமனை, மதுரை ராஜாஜி மருத்துவமனை.

எத்தனை நாளில் கூடும்?

கை எலும்பு ஆறிலிருந்து எட்டு வாரம், கால் எலும்பு மூன்றிலிருந்து நாலு மாதம், பிள்ளைகளுக்கு இதில் பாதி. பீடி, சிகரெட் எலும்பு கூடுவதைத் தள்ளிப்போட வைக்கும். கட்டுப்படாத சர்க்கரையும் அப்படித்தான். கட்டைப் பிரித்ததும் மூட்டு விறைத்து, தசை சூம்பிப் போயிருக்கும். பிசியோதெரபி என்பது விருப்பம் இருந்தால் செய்வது இல்லை. எண்ணெய் தேய்த்து யாராவது பிடித்துவிட்டால் சுகமாக இருக்கும், ஆனால் மூட்டை மடக்கி நீட்ட வேண்டியது நீங்கள்தான்.

ஆட்டுக்கால் சூப் குடித்தால் சீக்கிரம் கூடுமா? பிரண்டை?

சூப் நன்றாக இருக்கும், குடியுங்கள். மிளகும் சீரகமும் தட்டிப் போட்டால் படுத்துக் கிடப்பவருக்குப் பசியும் எடுக்கும். ஆனால் எலும்பை வேகவைத்த தண்ணீரில் சுண்ணாம்புச்சத்து கொஞ்சம்தான் இறங்கும். கேழ்வரகு 100 கிராமில் சுமார் 350 மில்லிகிராம் இருக்கிறது, ஒரு தம்ளர் பாலில் ஏறக்குறைய 240. வயதான பெண்களுக்கு நாளுக்கு 1,200 வரை தேவை. முட்டை, பருப்பு, மீன் என்று புரதமும் சேர வேண்டும். சைவச் சமையல் வீட்டில் இதுதான் குறைகிறது. பிரண்டைத் துவையல் சாப்பிடுவதில் தப்பில்லை, கட்டையும் கம்பியையும் அதை நம்பித் தவிர்க்க வேண்டாம். வைட்டமின் டி மருந்தை அளவு கேட்காமல் வாரக்கணக்கில் போட்டுக்கொள்ளாதீர்கள்.

வீட்டில் மறுபடி விழாமல் இருக்க?

ஆத்தங்குடிக் கல் அழகு, ஈரம் பட்டால் ஆபத்து. முற்றத்தில் மழைச்சாரல் அடிக்கும் ஓரத்திலும் குளியலறை வாசலிலும் வழுக்காத விரிப்பு போடுங்கள். பளபளப்புக்காகத் தேங்காய் எண்ணெய் பூசித் துடைக்கும் பழக்கத்தைப் பெரியவர்கள் நடக்கும் வழியிலாவது விட்டுவிடுங்கள். உயரமான நிலைப்படியின் விளிம்பில் ஒரு மஞ்சள் பட்டை, பக்கத்தில் பிடிமானம். பாரம்பரிய வீட்டைக் கெடுக்கிறோமே என்ற வருத்தம் வரும், வரட்டும். ராத்திரி எழுந்து போகும் வழியில் ஒரு சின்ன விளக்கு. தூக்க மாத்திரை தேவைதானா என்று ஒருமுறை கேளுங்கள்.

உள்ளே வைத்த கம்பியை எடுக்க வேண்டுமா?

பெரியவர்களுக்குத் தொந்தரவு இல்லை என்றால் அப்படியே இருக்கலாம். துருத்தினால், கிருமி சேர்ந்தால் எடுப்பார்கள். வளரும் பிள்ளைகளுக்குப் பெரும்பாலும் எடுத்துவிடுவார்கள். இப்போது வைக்கும் டைட்டானியம், ஸ்டீல் கம்பிகளோடு, எலும்பு கூடியபின் எம்.ஆர்.ஐ. எடுப்பதற்கும் பொதுவாகத் தடையில்லை, முன்கூட்டிச் சொன்னால் போதும். சிங்கப்பூர் விமானம் ஏறும்போது வாசலில் மணி அடிக்கலாம். டிஸ்சார்ஜ் சீட்டின் நகல் ஒன்றைக் கைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள், கேட்டால் காட்டலாம்.